நீ எங்கே, நீ யார்: ஆர்.வி. ரமணியின் படங்களில் நினைவு

(பெரம்பலூர், அரியலூர் மாவட்டக் கல்லூரி மாணவர்களுக்காக நிகழ்த்தப்பட்ட அறக்கட்டளைச் சொற்பொழிவின் செப்பமிட்ட வடிவம்)



திரைக்கலை சார்ந்த ஒரு பொருளில் பேச வேண்டும் என்று அழைப்பில் கேட்டிருந்தார்கள். வெகுமக்கள் சினிமாவைப் பற்றிப் பேச நம்மிடம் ஆட்கள் நிறைய இருக்கிறார்கள். ஆகவே, திரையரங்குக்கு வராத படங்களைப் பற்றிப் பேச விரும்புகிறேன். ஆர்.வி. ரமணி புனே திரைப்பட, தொலைக்காட்சி நிறுவனத்தில் ஒளிப்பதிவு பயின்று 1985இல் வெளியே வந்தவர். 1991இல் வெளிவந்த ‘சா’ தொடங்கி முப்பது ஆண்டுகளுக்கு மேலாக, பெரும்பாலும் தானே கேமராவைத் தோளில் தாங்கிப் படமெடுத்து வருகிறார். இந்தப் படங்களை ஆவணப்படம் என்று வகைப்படுத்துவது வழக்கம். ஆவணம் என்ற சொல் அவற்றுக்குப் பொருந்துமா என்பதே இன்றைய பேச்சின் அடிக்கேள்வி. ஆவணம் என்றால் பத்திரம், சான்று, பெட்டியில் பூட்டிவைப்பது. நினைவு எங்கோ சேர்த்துவைத்த பொருள், கேமரா அதைக் காக்கும் பெட்டி என்று நாம் எல்லோரும் நம்புகிறோம். கல்யாண வீட்டில் வீடியோ எடுப்பதும் அந்த நம்பிக்கையில்தான். ரமணியின் படங்கள் அந்த நம்பிக்கைக்கு எதிராக நிற்கின்றன. நினைவு சேர்ந்து கிடப்பதில்லை, ஒருவரிடமிருந்து ஒருவருக்குக் கைமாறும்போதுதான் அது உண்டாகிறது என்று அவை காட்டுகின்றன. இந்தக் கருத்தை ஆறு கூறுகளாக உங்கள் முன் வைக்கிறேன்.

1. உங்கள் ஊர்க் கல்லிலிருந்து தொடங்குவோம். பெரம்பலூர் மாவட்டம் சாத்தனூரில் கிடக்கும் கல்மரத்தை இங்கே பலரும் பார்த்திருப்பீர்கள். 1940இல் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையைச் சேர்ந்த எம்.எஸ். கிருஷ்ணன் அதை அடையாளம் கண்டு உலகுக்குச் சொன்னார். பதினெட்டு மீட்டர் நீள அடிமரம், ஏறக்குறைய பன்னிரண்டு கோடி ஆண்டுப் பழமை. பூக்கும் தாவரங்கள் உலகில் பரவுவதற்கு முந்தைய காலத்து மரம், கடல் இந்த நிலத்தின்மேல் ஏறியபோது சேற்றில் புதைந்தது. அருகில் போய்க் குனிந்து பார்த்தால் பட்டையின் சொரசொரப்பும் கிளை முறிந்த கணுவும் தெரிகின்றன. தொட்டால் கல்லின் குளிர்ச்சி. அந்த மரத்தில் இன்று மரம் இல்லை. கனிமம் கரைந்த நீர் உள்ளே ஊற ஊற, நாரும் நரம்பும் இருந்த இடத்தை சிலிக்கா ஏறிய கல் துளித்துளியாகப் பிடித்துக்கொண்டது. காரைப் பகுதியின் செம்மண் ஓடைகளில் கிடைக்கும் அம்மோனைட் என்னும் சுருள் ஓட்டுக் கடலுயிர்களின் புதைபடிவங்கள் பலவற்றின் கதையும் இப்படித்தான். ஓடு கரைந்துவிட்டது, ஓட்டுக்குள் புகுந்த சேறு இறுகி அதன் வடிவத்தைக் கொண்டது. உருவம் தப்பிப் பிழைத்தது என்றால், அது வேறொரு பொருளுக்கு மாறிக்கொண்டதால்தான். மாறாமல் அப்படியே கிடந்த மரமெல்லாம் மக்கிப் போயிற்று. நினைவைப் பற்றி ரமணி படங்களின் வழியாக நான் சொல்லவருவதற்கு இதைவிடத் தெளிவான எடுத்துக்காட்டு எனக்குக் கிடைக்கவில்லை. அதுவும் உங்கள் காலடியிலேயே கிடக்கிறது.

2. அடுத்து, நம் மொழியைக் கேட்போம். தமிழில் நினைவு ‘வருகிறது’. பசி வருகிறது, தூக்கம் வருகிறது, கோபம் வருகிறது என்பது போலவே ‘எனக்கு அவள் நினைவு வந்தது’ என்கிறோம். நான் போய் எடுத்துவந்ததாகச் சொல்வதில்லை. அது வந்தது, எனக்கு நேர்ந்தது. ‘நினைத்தேன்’ என்ற ஒரே வினை, எண்ணினேன் என்பதற்கும் ஞாபகப்படுத்திக்கொண்டேன் என்பதற்கும் ஆகிவருகிறது. அதாவது பழையதை நினைப்பதும் இப்போது சிந்திப்பதும் ஒரே செயல் என்பது இந்த மொழியின் எண்ணம். ‘நினைவில் வைத்துக்கொள்’ என்றும் சொல்கிறோமே, அது பெட்டியில் வைப்பது போன்ற பேச்சுதானே என்று இலக்கண மாணவர் ஒருவர் மறுக்கலாம். நியாயமான மறுப்பு. ஆனால் அந்தத் தொடர் பெரும்பாலும் ஏவலாக, அறிவுரையாக, எதிர்காலத்தைக் குறித்தே வருகிறது. நேர்ந்ததைச் சொல்லும்போது, அனுபவத்தைச் சொல்லும்போது, தமிழன் வாயில் நினைவு வரத்தான் செய்கிறது. பெட்டி நம் ஆசை. வருகை நம் அனுபவம். ரமணி அனுபவத்தின் பக்கம் நிற்கும் கலைஞர்.

3. அவருடைய இரண்டு படங்களின் தலைப்பைக் கவனியுங்கள். தென்னிந்தியத் தோல்பாவைக் கூத்துக் கலைஞர்களைத் தேடிச் சென்ற படம் (2003) ‘நீ எங்கே’. எழுத்தாளர் சுந்தர ராமசாமி பற்றிய படம் ‘நீ யார்’. அழிந்துவரும் கலை பற்றியோ மறைந்த எழுத்தாளர் பற்றியோ படம் எடுப்பவர்கள் வழக்கமாக ‘அவர்’ என்ற படர்க்கையில் பேசுவார்கள். கனத்த பின்னணிக் குரல் ஒன்று பிறந்த ஆண்டையும் பெற்ற விருதையும் சொல்லிக்கொண்டே போகும். அரசின் திரைப்படப் பிரிவு பல பத்தாண்டுகளாக அந்தக் குரலை நாடு முழுவதும் திரையரங்குகளில் ஒலிக்கவைத்தது. அந்தப் பிரிவுக்குள்ளேயே இயக்குநர்கள் பிரமோத் பதியும் எஸ்.என்.எஸ். சாஸ்திரியும் 1960களின் பிற்பாதியில் அந்தக் குரலை உடைத்துப் பார்த்தார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். ரமணி அந்த வழியில் வந்தவர், ஆனால் இன்னும் ஓரடி முன்னே போகிறார். அவர் முன்னிலையில் விளிக்கிறார். ‘நீ’ என்று கூப்பிட வேண்டுமானால் எதிரில் ஓர் ஆள் வேண்டும், கூப்பிடுபவரும் அங்கே இருந்தாக வேண்டும். ஆகவேதான் இந்தப் படங்களில் கேமரா ஒளிந்துகொள்வதில்லை. அது ஒரு விருந்தாளியைப் போல உள்ளே வந்து உட்காருகிறது.

தோல்பாவையைக் கொஞ்சம் அருகில் வைத்துப் பார்க்கலாம். ஆட்டுத்தோலைப் பதப்படுத்தி, ஒளி ஊடுருவும் அளவுக்கு மெல்லிசாக்கி, வண்ணம் பூசி, நகை இருக்கும் இடத்திலும் ஆடையின் ஓரத்திலும் உளியால் துளை துளையாகப் பொளிப்பார்கள். வெள்ளைத் துணிக்குப் பின்னால் விளக்கு, விளக்குக்கும் துணிக்கும் நடுவில் பாவை. ஒரே கலைஞர் இராமனுக்கும் இராவணனுக்கும் நகைச்சுவைப் பாத்திரங்களான உச்சிக்குடும்பனுக்கும் உளுவத்தலையனுக்கும் குரல் கொடுப்பார். துணியின் இந்தப் பக்கம் உட்கார்ந்திருப்பவர் காண்பது பாவையை அல்ல, பாவையின் தோலையும் துளைகளையும் தாண்டி வந்த ஒளியைத்தான். தோலில் எங்கெங்கே பொருள் இல்லையோ அங்கெல்லாம் சீதையின் ஆபரணம் மின்னுகிறது. மராட்டிய வழிவந்த மண்டிகர் சமூகத்தார் தமிழ்நாட்டுக் கிராமங்களில் தலைமுறை தலைமுறையாக நடத்திய இந்தக் கூத்தைப் பின்னுக்குத் தள்ளிய முதல் எதிரி சினிமா. அதே துணித் திரை, அதே இருட்டு, அதே விளக்கு. தான் இடம்பெயர்த்த கலையைப் பார்த்து ‘நீ எங்கே’ என்று சினிமாவே கேட்கும்போது, அந்தக் கேள்வியில் குற்ற உணர்வும் உறவும் சேர்ந்தே இருக்கின்றன. இந்தத் தலைப்பை நான் அப்படித்தான் படிக்கிறேன். பாவையைப் பற்றிய தகவல் வேண்டுமென்றால் மு. இராமசாமியின் ஆய்வு இருக்கிறது, அருமையான ஆய்வு. படத்திடம் நாம் கேட்க வேண்டியது அதை அல்ல.

4. மேலே சொன்னதெல்லாம் முன்னுரை என்று வைத்துக்கொள்ளுங்கள். என் வாதம் ஊன்றி நிற்பது 2011இல் வந்த ‘மை கேமரா அண்டு சுனாமி’ படத்தின் மீது. 2004 டிசம்பர் 26 காலை அலையில் ரமணியின் கேமரா அழிந்தது. அவரும் அந்த அலையை நேரில் எதிர்கொண்டவர். கேமராவுக்கு அதன் கடைசிக் காட்சி இருந்தது, ஆனால் அதை யாராலும் பார்க்க முடியாது. சுனாமி பற்றிய படம் என்றால் சுனாமிக் காட்சி இருக்க வேண்டும் என்று நாம் எதிர்பார்க்கிறோம். இங்கே பெட்டியே உடைந்துவிட்டது. ரமணி என்ன செய்கிறார்? அந்தக் கேமரா தன்னோடு இருந்த ஆண்டுகளில் எடுத்த வேறு காட்சிகளை எடுத்துக் கோக்கிறார். ஒரு வீட்டில் சாவு விழுந்தால் உறவினர்கள் சுற்றி உட்கார்ந்து இறந்தவர் செய்ததை, சொன்னதை, சிரித்ததையெல்லாம் வரிசை இல்லாமல் பேசிக்கொண்டிருப்பார்கள் அல்லவா, அதற்கு நெருக்கமான அமைப்பு அது. இழந்த ஒரு காட்சிக்கு ஈடாக அதற்கு முந்தைய வாழ்வு முழுவதும் திரள்கிறது. ஓடு கரைந்த இடத்தில் சேறு புகுந்து வடிவம் கொண்டதை முன்பு சொன்னேனே, அதே தொழில் இங்கே நடக்கிறது.

இதற்கு ஒரு கடுமையான மறுப்பு உண்டு. அதை மென்மையாக்கிச் சொல்ல மாட்டேன். அன்று தமிழ்நாட்டில் மட்டும் ஏறக்குறைய எட்டாயிரம் பேர் இறந்தார்கள், பெரும்பகுதியினர் நாகப்பட்டினம் மாவட்டத்தில். குழந்தைகளை இழந்த தாய்மார்கள் இருக்கும்போது ஒரு கருவிக்காக ஒப்பாரி வைப்பது தன்னலம் இல்லையா? கேள்வி நேரானது. என் பதில் இது. அந்த வாரத்தில் தொலைக்காட்சிகள் அலையையும் பிணங்களையும் திரும்பத் திரும்பக் காட்டின. அந்தக் காட்சிகள் யாருடைய நினைவாகவும் ஆகவில்லை. பார்த்தவர்களுக்கு அவை அச்சமாகவும் பரபரப்பாகவும் இருந்தன, இழந்தவர்களுக்குத் தங்கள் துயரத்தின்மேல் பிறர் கண் மேய்வதாக இருந்தன. ஒரு கலைஞன் தனக்கு உரிமை உள்ள இழப்பிலிருந்து தொடங்குவதே நேர்மை. பிறர் பிள்ளைக்காகத் தான் அழுவதாகக் காட்டிக்கொள்வது எளிது, அதற்குக் கைதட்டலும் கிடைக்கும். ரமணி அதைச் செய்யவில்லை. அப்படியிருந்தும் மறுப்பின் ஒரு பகுதி நிற்கவே செய்கிறது. கரையோர மீனவர் வீட்டிலிருந்து யாராவது தம் இழப்பைத் தாமே படமாக்கியிருந்தால் அதையும் பக்கத்தில் வைத்துப் பார்க்க வேண்டும். அந்த இடம் காலியாக இருப்பது ரமணியின் பிழை அல்ல. கேமரா யார் கைக்குப் போய்ச் சேர்கிறது என்பது நம் சமூகத்தின் பிழை.

5. அடுத்த படம் ‘ஓ தட்ஸ் பானு’. 68ஆவது தேசியத் திரைப்பட விருதுகளில், கதைப்படம் அல்லாத பிரிவில், சிறந்த இயக்கத்துக்கான விருது இதற்குக் கிடைத்தது. தொண்ணூறு வயதைத் தாண்டிய நாட்டிய, நாடகக் கலைஞர் பானுமதி ராவ் இதன் மையம். நாடகக் கலைஞர் மாயா கிருஷ்ண ராவின் தாயார் அவர். நினைவு மங்கத் தொடங்கிவிட்ட ஒருவர். நினைவைப் பற்றிப் படமெடுக்க நினைவிழந்துவரும் ஒருவரிடம் போவது வியப்பாகத் தோன்றலாம். பெட்டிக் கொள்கைப்படி பார்த்தால் அங்கே பெட்டி காலியாகிக்கொண்டிருக்கிறது, எடுக்க ஒன்றும் இல்லை. ஆனால் கைமாறல்தான் நினைவு என்றால், அதைக் காண அதைவிடப் பொருத்தமான இடம் இல்லை. ஊரின் பெயரும் ஆண்டும் நழுவிப்போனாலும் வாழ்நாள் முழுக்க ஆடிய உடம்பு எதிரில் ஒருவர் ரசிக்க இருந்தால் எழுந்துகொள்கிறது. தலைப்பைத் தமிழில் சொல்வதானால் ‘அட, அது பானுவாச்சே!’ என்று சொல்லலாம். தன்னையே படர்க்கையில் வைத்துச் சொல்லும் சொல் அது. ‘நீ யார்’ என்ற முன்னிலைக் கேள்விக்குப் பல ஆண்டு கழித்து வந்த விடை போல அது என் காதில் ஒலிக்கிறது. தன்மையில் ‘நான்’ என்று சொல்ல முடியாத நிலையிலும் ஒருவரை அடையாளம் காண இன்னொருவர் தேவைப்படுகிறார், அந்த இன்னொருவர் சில நேரம் தாமே ஆகவும் இருக்கலாம்.

இங்கேயும் மறுப்பு உண்டு. நினைவு தளர்ந்தவரிடம் சம்மதம் பெறுவது எப்படி? நேற்றுச் சொன்ன சம்மதம் இன்று அவருக்குத் தெரியாதே? மேடையில் வாழ்ந்த கலைஞர் ஒருவருக்குப் பார்வையாளர் முன்னிலையில் இருப்பது இயல்பு, குடும்பமும் துணை நிற்கிறது, ஆகவே இந்தப் படத்தில் அது சரியாக அமைந்தது என்பது என் முடிவு. இதை எல்லோருக்கும் பொதுவிதியாக்கக் கூடாது. மாணவர்களுக்கு அழுத்திச் சொல்கிறேன்: உங்கள் வீட்டுப் பாட்டி நினைவு தடுமாறிப் பேசுவதைக் கைப்பேசியில் எடுத்து நாலு பேர் சிரிக்க அனுப்புவதற்கு இந்தப் படத்தை ஆதாரமாகக் காட்டிவிடாதீர்கள். அங்கே கைமாறுவது நினைவு அல்ல, ஒரு முதியவரின் மானம்.

6. கடைசியாக, வரலாற்றாசிரியர்கள் எழுப்பும் தடை. நினைவு கைமாறலில்தான் என்றால் காப்பகம் எதற்கு, சான்று எதற்கு? இழப்பு நம்மிடம் நிறையவே உண்டு. முதல் தமிழ்ப் பேசும் படமான ‘காளிதாஸ்’ (1931) படத்தின் ஒரு படிகூட இன்று இல்லை. ஏ.கே. செட்டியார் உலகமெல்லாம் அலைந்து ஐம்பதாயிரம் அடிக்கு மேல் படச்சுருள் திரட்டி 1940இல் வெளியிட்ட காந்தி ஆவணப்படத்தின் தமிழ் வடிவம் காணாமல் போயிற்று. வரலாற்றாசிரியர் ஆ.இரா. வேங்கடாசலபதியின் தேடலில் கிடைத்தது பிற்காலத்து ஆங்கில வடிவம்தான். அரியலூர் மாவட்டத்துக் கல்லமேட்டில் கிடைத்து 1980களின் பிற்பகுதியில் ஆய்வாளர்கள் யாதகிரியும் அய்யாசாமியும் அறிவித்த புருகத்காயோசாரஸ் என்னும் மாபெரும் விலங்கின் எலும்புகளோ பொடிந்து போய்விட்டன. அறிவியல் உலகம் இன்று அதைப் பற்றி வாதிடுவது கோட்டோவியங்களையும் பின்னர் வெளிவந்த பழைய ஒளிப்படங்களையும் வைத்துத்தான். இவற்றைப் பார்த்துவிட்டுக் காப்பகம் வேண்டாம் என்று சொல்ல எனக்கு மனம் வராது. கட்டாயம் வேண்டும், இப்போது இருப்பதைவிட நன்றாக வேண்டும். ஆனால் கவனியுங்கள். செட்டியாரின் சுருள் போன பிறகும் அந்தப் படம் நமக்கு ஒருவகையில் உயிரோடிருக்கக் காரணம், படமெடுத்த கதையை ‘அண்ணல் அடிச்சுவட்டில்’ என்ற நூலில் அவர் வாசகனோடு உட்கார்ந்து பேசுவது போலச் சொல்லிவைத்ததுதான். கல்லமேட்டு எலும்பு பொடிந்த பிறகும் அந்த விலங்கு விவாதத்தில் இருக்கக் காரணம், வரைந்தவர்களும் படமெடுத்தவர்களும் பார்த்ததைப் பிறரிடம் கொடுத்தது. காப்பகம் கைமாறலுக்கு இடம் தருகிறது. யாரும் வந்து கேட்காத காப்பகத்தில் இருப்பது காகிதமும் சுருளும்தான்.

இந்த மண்ணின் பெருந்துயரம் ஒன்றைச் சொல்லி என் வாதத்தைச் சோதிக்கிறேன். 1956 நவம்பர் 23 விடியும் முன்பு, அரியலூருக்கும் கல்லகத்துக்கும் இடையே மருதையாற்றுப் பாலத்தை வெள்ளம் அரித்ததால், சென்னையிலிருந்து தூத்துக்குடி சென்ற விரைவு ரயில் ஆற்றில் விழுந்தது. நூற்று நாற்பது பேருக்கு மேல் இறந்தார்கள். ரயில்வே அமைச்சர் லால் பகதூர் சாஸ்திரி பதவி விலகினார். போட்டித் தேர்வுப் புத்தகங்களில் இந்த விபத்து அந்தப் பதவி விலகலுக்காக மட்டும் இடம்பெறுகிறது. அடுத்த தேர்தலில் துணை அமைச்சர் ஓ.வி. அழகேசனின் பெயரையும் அரியலூரின் பெயரையும் மோனையில் கோத்து மேடை மேடையாக முழங்கினார்கள். அந்த முழக்கம் இன்றும் முதியவர்கள் நாக்கில் இருக்கிறது. ஏட்டில் தங்கியது அமைச்சரின் விலகல், வாயில் தங்கியது மோனை. ஆற்றங்கரைக் கிராமத்தார் அன்று காலையில் கண்டது எதிலும் தங்கவில்லை. அது இன்னும் கைமாறவில்லை. ரமணி செய்வதைப் போல ஒருவர் போய் எதிரில் உட்கார்ந்து, ‘நீங்கள் அன்று எங்கே இருந்தீர்கள்’ என்று கேட்டு, பதில் வரும்வரை பொறுத்திருந்து, வரும் பதில் ஆண்டும் எண்ணும் தவறியதாக இருந்தாலும் குறுக்கிடாமல் கேட்டால்தான் அது உண்டாகும். தவறிய எண்ணை ஏட்டைப் பார்த்துத் திருத்திக்கொள்ளலாம். ஏட்டில் இல்லாததை அவரிடமிருந்து மட்டுமே பெற முடியும்.

இந்தப் படங்களைப் பார்க்க வாய்ப்பே இல்லையே என்று நீங்கள் கேட்பீர்கள். உண்மைதான், இவை எளிதில் கிடைப்பதில்லை. கல்லூரித் திரைப்பட மன்றங்கள் எழுதிக் கேட்டு, ஒரு மாலையில் ஒரு படம் என்று திரையிட வேண்டும். ஆண்டுக்கு மூன்று திரையிட்டாலே போதும். அதைவிட அவசரமான வேலை ஒன்று இருக்கிறது. மருதையாற்றில் ரயில் விழுந்தபோது பத்து வயதுச் சிறுவராக இருந்தவர்களுக்கு இன்று எண்பதை ஒட்டிய வயது. கரையோரக் கிராமங்களில் சிலராவது இருப்பார்கள். இந்த விடுமுறையிலேயே அவர்களைப் போய்ப் பாருங்கள்.